தென்பெண்ணை அணைகள் எவ்வளவு வெள்ளத்தைத் தாங்கும்?

மழைக்காலத்தில் ஓசூர் பக்கம் அடிக்கடி காதில் விழும் செய்தி இது: கெலவரப்பள்ளி அணைக்கு வரும் தண்ணீர் அப்படியே ஆற்றில் திறந்துவிடப்படுகிறது. "அணை எதற்கு இருக்கிறது? பிடித்து வைக்க வேண்டியதுதானே?" என்று பலரும் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான்.

தென்பெண்ணை கர்நாடகத்தின் நந்திமலைப் பகுதியில் பிறந்து, பெங்களூருவின் கிழக்கு ஓரமாக இறங்கி, ஓசூர் அருகே தமிழகத்துக்குள் நுழைகிறது. கெலவரப்பள்ளி, கிருஷ்ணகிரி, சாத்தனூர் அணைகளைத் தாண்டிக் கடலூர் அருகே கடலில் கலக்கிறது. பெங்களூருவின் பெள்ளந்தூர், வர்த்தூர் ஏரிகளின் தண்ணீரும் இதில்தான் வந்து விழுகிறது. அங்கே முன்பு மண் குடித்த மழையைக் கான்கிரீட்டும் தார்ச்சாலையும் குடிப்பதில்லை. ஏரி ஏரியாக நின்று நிதானமாக வந்த நீர், இப்போது கால்வாய் வழியே ஓடி வந்துவிடுகிறது, நகரத்துக் கழிவையும் சேர்த்துக்கொண்டு. கெலவரப்பள்ளி ஷட்டர் திறந்ததும் நுரை மலைபோல் பொங்குவது அதனால்தான். அந்தத் தண்ணீரைத்தான் கரையோர விவசாயி வயலுக்குப் பாய்ச்ச வேண்டியிருக்கிறது. இந்த அநியாயத்துக்கு இன்னும் தீர்வு வரவில்லை.

இனி அணையின் கணக்கைப் பார்ப்போம். கிருஷ்ணகிரி அணையின் முழு நீர்மட்டம் 52 அடி, கொள்ளளவு சுமார் 1,666 மில்லியன் கனஅடி. சாத்தனூர் 119 அடி, 7,321 மில்லியன் கனஅடி. ஃபெஞ்சல் புயலின்போது, 2024 டிசம்பர் 2 அதிகாலையில், சாத்தனூரிலிருந்து விநாடிக்கு 1,68,000 கனஅடி வெளியேறியது. அந்த வேகத்தில் தண்ணீர் வந்தால், காய்ந்து கிடக்கும் கிருஷ்ணகிரி அணைகூட மூன்று மணி நேரத்துக்குள் நிரம்பிவிடும். சாத்தனூரே காலியாக இருந்தாலும் அரை நாள்தான் தாங்கும். அன்று அது காலியாகவும் இல்லை.

இரண்டுமே பாசனத்துக்காக 1950களில் எழுந்த அணைகள். பாசனத்துக்கு அணை நிறைந்திருக்க வேண்டும். வெள்ளத்தைத் தடுக்க அதில் இடம் காலியாக இருக்க வேண்டும். இந்த இழுபறிதான் பிரச்சினையின் வேர். கதவுகளும் பழசாகிப்போயிருந்தன: 2017 நவம்பரில் கிருஷ்ணகிரி அணையின் ஷட்டர் ஒன்று உடைந்து, தேக்கிய நீர் ஆற்றோடு போனது.

மழை எங்கே பெய்கிறது என்பதும் முக்கியம். ஃபெஞ்சலில் ஊத்தங்கரையில் 24 மணி நேரத்தில் சுமார் 50 சென்டிமீட்டர் கொட்டியது. ஏரி நிரம்பி, சாலையோரம் நின்ற வாகனங்கள் உருண்டோடியதை நாடே பார்த்தது. ஊத்தங்கரையின் வெள்ளம் பாம்பாறு வழியாக, கிருஷ்ணகிரி அணைக்குக் கீழேதான் தென்பெண்ணையில் சேர்கிறது. அந்த அணையில் எவ்வளவு இடம் இருந்தாலும் அன்று பயன்பட்டிருக்காது. ஆகவே புது அணை கேட்பதைவிட, ஏரிகளைத் தூர்வாரி வரத்துக் கால்வாய்களை மீட்பதும், புயல் அறிவிப்பு வந்த உடனே அணையில் கொஞ்சம் இடம் விடுவதும்தான் உடனடியாகச் செய்யக்கூடியவை என்று நினைக்கிறேன்.

ஆற்றங்கரையில் இருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். செய்தியில் அணை எத்தனை அடி என்பதை மட்டும் பார்க்காதீர்கள், விநாடிக்கு எத்தனை கனஅடி வருகிறது என்பதையும் பாருங்கள். நிறைந்த அணைக்கு நீர்வரத்து திடீரென்று ஏறினால், ஆடுமாட்டையும் மோட்டாரையும் அன்று மாலையே மேட்டுக்கு ஏற்றிவிடுங்கள்.