முந்நூற்றிருபதின் சூட்சுமம்

ஸ்ரீரங்கம் அரங்கநாதர் ஆலயத்தின் மதில்களிலும் மண்டபங்களிலும் பொறிக்கப்பட்டுள்ள அறுநூறுக்கும் மேற்பட்ட சாசனங்களில், திருநந்தவனத்துக்கும் அமுதுபடிக்கும் விளக்குக்குமாக விடப்பட்ட நிலங்கள் வேலி, மா முதலிய அளவுகளால் குறிக்கப்பட்டிருக்கின்றன. அத்தகைய தானம் ஒன்றில், ஓரிடத்தில் கால் வேலியும், வேறோரிடத்தில் மூன்று மாவும், மற்றோரிடத்தில் ஒரு காணியும் சேர்ந்திருந்ததாகக் கொண்டால், அவற்றை ஒரே தொகையாக எழுத வேண்டிய கணக்கர், இன்று திருச்சிராப்பள்ளிப் பள்ளிகளில் ஆறாம் வகுப்பு மாணவர் திகைத்து நிற்கும் அதே வினாவைத்தான் எதிர்கொண்டிருப்பார்.

மா என்பது வேலியில் இருபதில் ஒன்று. காணி எண்பதில் ஒன்று. மாணவர் பலர் செய்வதுபோல், காலையும் இருபதில் ஒன்றையும் கூட்டுகையில் மேலெண்ணோடு மேலெண்ணையும் கீழெண்ணோடு கீழெண்ணையும் சேர்த்துவிட்டால், இருபத்துநான்கில் இரண்டு, அதாவது பன்னிரண்டில் ஒன்று என்று வரும். இரண்டு நிலங்களைச் சேர்த்தபின் கிடைப்பது அவற்றுள் ஒன்றைவிடக் குறைந்துபோகும் இவ்விபரீதமே அம்முறை பிழை என்பதற்குப் போதிய சாட்சி.

நம் முன்னோர் இதற்குக் கண்ட உபாயம், எல்லாப் பின்னங்களையும் முந்திரி என்னும் முந்நூற்றிருபதில் ஒரு பங்கினால் அளப்பது. காணிக்கு நான்கு முந்திரி, மாவுக்குப் பதினாறு, வீசத்துக்கு இருபது, அரைக்காலுக்கு நாற்பது, காலுக்கு எண்பது. ஆகவே மேற்சொன்ன தானம் 80, 48, 4 ஆக 132 முந்திரி; அதாவது எட்டு மாவும் ஒரு காணியும். இரண்டை ஆறு முறை தம்முள் பெருக்கி, அதனை ஐந்தால் பெருக்க வருவது 320 ஆதலால், பாதி பாதியாகக் குறையும் கால், அரைக்கால், வீசம் என்ற வரிசையும், இருபதைச் சார்ந்த மா, காணி என்ற வரிசையும் அவ்வொரே எண்ணில் மீதியின்றி அடங்குகின்றன. பேச்சில் நாம் சாதாரணமாக வழங்கும் 'முக்காலே மூணு வீசம்' கூட 240-உம் 60-உம் கூடிய 300 முந்திரியே.

ஆயினும் இம்முறைக்கு ஓர் எல்லை உண்டு. 320 மூன்றால் வகுபடாது. ஒரு வேலியை மூன்று சகோதரர் பங்கிட்டால், ஆளுக்கு 106 முந்திரி போக இரண்டு முந்திரி எஞ்சும். முந்திரியை மீண்டும் 320 கூறாக்கிய கீழ்முந்திரியிலும் இம்மீதி தீராது. இங்கேதான் மீச்சிறு பொது மடங்கின் மேன்மை விளங்குகிறது: மூன்றில் ஒன்றையும் நான்கில் ஒன்றையும் கூட்ட, பன்னிரண்டைப் பொதுப் பகுதியாகக் கொண்டால், நான்கும் மூன்றும் ஏழு, பன்னிரண்டில் ஏழு என்று விடை வந்துவிடுகிறது. ஒரே எண்ணை என்றைக்குமாக வைத்துக்கொள்ளாமல், கணக்குக்குக் கணக்கு ஏற்ற எண்ணைத் தேர்ந்துகொள்வதே இதன் சிறப்பு.

1957 ஏப்ரல் முதல் தேதி தசமநாணயம் வந்தபின் அணாவோடு வீசக் கணக்கும் வழக்கொழிந்தது; காவிரிப் பாசன உழவரிடையே மா இன்னும் நிலைத்திருக்கிறது. ஆசிரியர்கள், மீச்சிறு பொது மடங்கு காணும் விதியைக் கரும்பலகையில் எழுதுமுன், கால் வேலியையும் மூன்று மாவையும் முந்திரியாக்கிக் கூட்டும்படி மாணவரிடம் ஒருமுறை சொல்லிப் பார்ப்பார்களாக; விதியின் காரணத்தை அவர்கள் தாமே கண்டுகொள்வர்.