கூட்டத்தில் ஒருத்தி

பழைய ஹாலிவுட் படமொன்றில் விருந்துக் காட்சி. நாயகனும் நாயகியும் உரையாடிக் கொண்டிருக்கின்றனர். அவர்களுக்குப் பின்னே, நெடிய உருவமுடைய பெண்மணி ஒருவர் பட்டு அங்கி அணிந்து, கையில் கோப்பையுடன் புன்னகைத்து நிற்கிறார். நம் கண்கள் அவர்மீது நிலைப்பதில்லை. நிலைக்கலாகாது என்பதே அவருடைய தொழில். அவர் பெயர் பெஸ் பிளவர்ஸ்.

அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்தில் 1898ஆம் ஆண்டு பிறந்த இவர், 1923 முதல் 1964 வரை 350க்கும் மேற்பட்ட முழுநீளப் படங்களில் தோன்றினார். சிறந்த படத்துக்கான ஆஸ்கார் விருது பெற்ற ஐந்து படங்கள் அவற்றுள் அடங்கும். 'இட் ஹாப்பென்ட் ஒன் நைட்' (1934), 'ஆல் அபவுட் ஈவ்' (1950) ஆகியவை அவற்றுள் இரண்டு. எனினும் பெரும்பாலான படங்களின் பெயர்ப் பட்டியலில் இவருக்கு இடமில்லை.

நம்மைச் சிரிக்க வைத்த லாரல் ஹார்டி இணையின் 1928ஆம் ஆண்டுக் குறும்படமொன்றில் லாரலின் மனைவியாக நடித்தவர் இவரே. அத்தகைய வேடங்கள் அரிதாகவே வாய்த்தன. மற்றபடி, கூட்டத்தில் ஒருத்தி.

எக்ஸ்ட்ரா என்றழைக்கப்பட்ட இத்துணை நடிகர்கள் நாட்கூலி பெற்றவர்கள். முன்னாளில் படப்பிடிப்பு நிலையங்களின் வாயில்களில் காத்துக் கிடந்தனர்; தரகர்களுக்கும் பணம் அழுதனர். இக்கொடுமையைக் களைவதற்கென்றே 1925இல் 'சென்ட்ரல் காஸ்டிங்' என்னும் பொது அலுவலகம் ஏற்பட்டது. ஆயினும் கூலியில் ஏற்றத்தாழ்வு இருந்தது. சீமாட்டியாகத் தோன்றுவதற்குரிய உயர்ந்த உடைகளைச் சொந்தமாக வைத்திருந்தோருக்குக் கூடுதல் கூலி! தச்சனுக்கு உளி எப்படியோ, அப்படியே பெஸ்ஸுக்கு அவருடைய உடைப்பெட்டி. திரையில் செல்வச் சீமாட்டியாக நின்றவர், மாலையில் அன்றைய கூலியை எண்ணிப் பெற்று வீடு திரும்பிய தொழிலாளி என்பதை அரங்கில் அமர்ந்திருந்தோர் அறிந்திருப்பரோ?

தம்மைப் போன்றோரின் நிலையை அவர் மறக்கவில்லை. துணை நடிகர்களுக்கெனத் தனிச் சங்கம் 1945இல் உருவானபோது அதை நிறுவியவர்களுள் ஒருவராகவும், தொடக்கக்காலத் துணைத் தலைவர்களுள் ஒருவராகவும் விளங்கினார். திரையில் பெரும்பாலும் வாய் திறவாத பெண்மணி, கூலிக்காகவும் உரிமைக்காகவும் அங்கே வாய் திறந்தார். நடிப்பைவிட இதுவே நமக்குப் பெரிதாகப் படுகிறது.

திரைத்துறையில் உழைத்து முதுமையடைந்தோருக்கென உட்லண்ட் ஹில்ஸில் அமைந்துள்ள இல்லத்தில், 1984 ஜூலையில், தம் 85ஆம் வயதில் அவர் மறைந்தார்.