பிடிபட்ட வண்டியும் மீட்கும் வழியும்

பிழைக்க வந்த ஊரில் சொந்தமாக ஒரு வண்டி வாங்கிவிட்டால், குடும்பம் வேரூன்றிவிட்டதென்று மகிழ்கிறோம். அவ்வண்டியே ஒருநாள் போலீஸ் ஸ்டேஷன் வாசலில் வெயிலில் நிற்குமானால் என்ன செய்வது? சென்ற ஆண்டு செகந்திராபாதில் வாழும் நம் அன்பர் ஒருவருக்கு இச்சோதனை நேர்ந்தது. அவருக்குத் துணையாக அலைந்து நாம் கற்றதை, மற்றக் குடும்பங்களின் நன்மை கருதி எழுதுகிறோம்.

அன்பரிடம் இருந்தது, பழையதாக வாங்கிய டிப்பர் லாரி ஒன்று. மஞ்சிரா ஆற்றுப் பக்கமிருந்து நள்ளிரவில் மணல் ஏற்றி வருகையில் போலீசார் மறித்தனர். டிரைவர் காட்டிய சீட்டு முந்தின நாளுக்கு உரியது. மணல் திருட்டு என்று வழக்குப் பதிவாயிற்று, வண்டி கைப்பற்றப்பட்டது. அவ்வேளையில் அன்பர் வீட்டில் உறங்கிக்கொண்டிருந்தார்.

ரயில்வே குமாஸ்தாவாகிய நமக்கு ரசீதின் அருமை தெரியும். ரசீதில்லாத மூட்டைக்கு உரிமை கொண்டாட இயலாது. தெலங்கானாவில் மணலும் அத்தகையதே. மாநிலக் கனிம வளர்ச்சிக் கழகத்தின் வழியே பதிவு செய்து, பணம் கட்டி, உரிய சீட்டுடன்தான் அது ஆற்றைவிட்டு நகரவேண்டும்.

முதல் மூன்று வாரங்கள் வீணாயின. 'பார்க்க வேண்டியவரைப் பார்த்தால் வண்டி வரும்' என்று சொன்ன தரகரிடம் பணம் போயிற்று, வண்டி வரவில்லை. கடன் தவணை மட்டும் தவறாமல் வந்தது. பிள்ளையின் பள்ளிக் கட்டணத்துக்காக வீட்டம்மையின் வளையல்கள் அடகுக்குச் சென்றன.

பிறகு சந்தித்த வக்கீல் முதல் வார்த்தையிலேயே தெளிவுபடுத்தினார்: 'இனி வண்டியைக் கேட்க வேண்டிய இடம் ஸ்டேஷன் அன்று, கோர்ட்டு.' 2002-ஆம் ஆண்டு சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில், கைப்பற்றிய வண்டிகளை ஸ்டேஷன்களில் நெடுங்காலம் நிறுத்தி வைப்பதால் பயனில்லை என்று சுப்ரீம் கோர்ட்டு கூறிற்று. தக்க பிணை பெற்று, படமெடுத்துப் பதிவு செய்து, உடையவரிடம் ஒப்படைக்கலாம் என்பது அதன் வழிகாட்டல். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 497, 503 ஆகிய பிரிவுகள் இதற்குரியன.

ஆனால் மனுவிலும் ஒரு முட்டுக்கட்டை. பதிவுப் புத்தகம் இன்னும் பழைய உடைமையாளர் பெயரிலேயே இருந்தது! வண்டி வாங்கியவர் 30 நாட்களுக்குள் பெயர் மாற்றத்துக்கு அறிவிக்க வேண்டுமென்று மோட்டார் வாகனச் சட்டம் கூறுகிறது. அன்பர் 'பிறகு பார்க்கலாம்' என்றிருந்துவிட்டார். சேலம் சென்று பழைய உடைமையாளரைத் தேடி அழைத்துவந்து, அவர் பெயராலேயே மனுச் செய்ய நேர்ந்தது. இன்ஷூரன்சும், கடன் கொடுத்த கம்பெனியின் இசைவுக் கடிதமும் சேர்ந்த பின்னரே உத்தரவு கிடைத்தது. விற்கலாகாது, உருமாற்றலாகாது, கேட்டபோது கொண்டுவர வேண்டும் என்பன நிபந்தனைகள்.

வண்டி வந்ததால் வழக்குத் தீர்ந்ததாக எண்ணலாகாது. 1957-ஆம் ஆண்டுக் கனிமச் சட்டம் ஐந்தாண்டு வரை சிறைக்கும், கோர்ட்டு வழியே வண்டியைப் பறிமுதல் செய்வதற்கும் இடமளிக்கிறது. அச்சட்டம் இருப்பதால் திருட்டு வழக்குத் தடைப்படாது என்று 2014-இல் சுப்ரீம் கோர்ட்டுத் தீர்ப்பளித்தது. தமிழகத்திலோ, மணல் கடத்திய வண்டிகளை இடைக்காலமாக விடுவிக்கலாகாதென்று 2018-இல் மதுரை உயர்நீதிமன்றக் கிளை கடுமை காட்டியது. எங்கும் ஒரே எளிமை உண்டென்று நம்பவேண்டாம்.

வண்டி வீடு சேர்ந்த அன்று அன்பர் கூறியது நம் நெஞ்சில் நிற்கிறது: 'ஐயா, வாடகை எவ்வளவு என்று கேட்டேன், மணல் எங்கிருந்து வருகிறதென்று ஒருநாளும் கேட்கவில்லை.' ஆற்று மணல் நீரைத் தேக்கிவைத்துக் கரையோரக் கிணறுகளை ஊறச்செய்வது. மஞ்சிராவோ 1960-களிலிருந்து இந்நகருக்குக் குடிநீர் அளித்துவந்த ஆறு. அதன் மடியைச் சுரண்டிவந்த காசில் நம் அடுப்பு எரியலாமா?

ஆகவே வண்டி வைத்திருக்கும் அன்பர்கள் இன்றே பதிவுப் புத்தகத்தை எடுத்துப் பெயரைப் பாருங்கள். சீட்டின் தேதியைப் பாராமல் டிரைவரை அனுப்பாதீர்கள். தவறு நேர்ந்துவிட்டால் தரகரிடம் செல்லாமல், அன்றே வக்கீலிடம் செல்லுங்கள். வளையல்கள் இன்னும் அடகிலேயே இருக்கின்றன.