உங்களுக்குத் தெரியுமா? நாசரேத்தைக் கேலி செய்தவர் பக்கத்து ஊர்க்காரர்!

இயேசுவின் ஊரான நாசரேத்திலிருந்து உருப்படியாக ஏதும் வருமா என்று உதட்டைப் பிதுக்கியவர் நாத்தான்வேல் (யோவான் 1:46). "தோட்டத்து ஆள்தானே" என்ற இளக்காரத்தைக் கேட்டுப் பழகிய கொஸ்லந்தக்காரர்களுக்கு இந்தத் தொனி நன்றாகவே தெரியும். ஆனால் நாத்தான்வேல் எருசலேமின் பெரிய வீட்டுப் பிள்ளை அல்ல. நாசரேத்துக்குப் பக்கத்துச் சிற்றூரான கானாவூர்க்காரர். மேல் லயம் கீழ் லயத்தை நக்கலடித்த கதைதான். இந்த ஊர் விவரத்தை யோவான் இருபது அதிகாரம் கழித்து, போகிறபோக்கில் சொல்கிறார் (21:2). குறும்புக்காரர்!

பரிசேயர் கூத்து இன்னும் பெரிது. நாசரேத் இருக்கும் கலிலேயாவிலிருந்து தீர்க்கதரிசி எவரும் எழும்புவதில்லை, தேடிப் பாரும் என்று, இயேசுவுக்காகப் பேசிய நிக்கொதேமுவை மடக்கினார்கள் (7:52). தேடினால் கிடைப்பவர் யோனா, மீன் விழுங்கிய அதே யோனா. அவருடைய ஊரான காத்தேப்பேர் (2 இராஜாக்கள் 14:25) நாசரேத்திலிருந்து சுமார் 5 கிலோமீட்டர்தான்.