மூமின் பள்ளத்தாக்கில் சூரியனை வரவேற்கும் தீ

நோர்வே நாட்டில் வளரும் எம் பிள்ளைகளுக்கு மூமின்களை அறிமுகஞ் செய்ய வேண்டியதில்லை. பாலர் பாடசாலையிலேயே அவர்கள் அறிந்து கொள்கின்றனர். பெற்றோராகிய நாமோ, நீர்யானையை ஒத்த அவ்வெண்ணிற உருவங்களைத் தேநீர்க் கோப்பையிலும் தொலைக்காட்சியிலும் கண்டு, சிறுபிள்ளை விளையாட்டு என்று கடந்து விடுகின்றோம். யானும் பல்லாண்டுகள் அவ்வாறே கடந்தேன். சென்ற குளிர்காலத்தில் மகளுடன் அமர்ந்து அந்நூல்களுள் ஒன்றை வாசித்தபோதே என் பிழை புலனாயிற்று.

இக்கற்பனை உலகைப் படைத்தவர் பின்லாந்து நாட்டு ஓவியரும் எழுத்தாளருமான தூவே யான்சன் (1914–2001). 1939ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில், போர் அவர் நாட்டைச் சூழ்ந்த வேளையில், முதற் கதையை எழுதத் தொடங்கினார். அது 1945இல் நூலாக வெளிவந்தது. காணாமற்போன தந்தையைத் தேடித் தாயும் மகனும் காட்டினூடே அலைந்து, ஈற்றில் ஒரு பள்ளத்தாக்கிலே குடியேறுவதே அதன் கதை. போரினால் ஊரிழந்து வந்த எம்மவர்க்கு இக்கதைக்கு விளக்கவுரை தேவையில்லை.

அப்பள்ளத்தாக்கின் வாழ்வு பருவங்களுக்குக் கட்டுப்பட்டது. கோடையின் நடுவே வரும் மாய இரவிலே, மூமின் சிறுவனின் தோழி ஒன்பது வகை மலர்களைப் பறித்துத் தலையணையின் கீழ் வைக்கின்றாள். பொழுது புலரும்வரை பேசலாகாது. பேசாதிருந்தால், காணும் கனவு மெய்ப்படும். இது ஆசிரியரின் கற்பனையன்று. நோர்திக் நாடுகளில் ஏழு அல்லது ஒன்பது மலர்களைக் கொண்டு இன்றும் இவ்வழக்கம் நிலவுகின்றது. உங்கள் வகுப்புத் தோழியரைக் கேட்டுப் பாருங்கள்.

ஆயினும் என் நெஞ்சைத் தொட்டது குளிர்காலச் சடங்கே. மூமின்கள் வயிறு நிறையப் பைன் மர இலைகளை உண்டு, நவம்பர் முதல் ஏப்ரல் வரை உறங்குவர். முன்னோர் உறங்கினர், ஆகவே அவர்களும் உறங்குகின்றனர். 1957இல் வெளிவந்த குளிர்கால நூலிலே, மூமின் சிறுவன் மட்டும் இடையில் விழித்துக் கொள்கின்றான். தாயை எழுப்புகின்றான், அவள் எழவில்லை. வெளியே வந்தால், அவன் ஒருபோதும் கண்டிராத வெண்பனி. சூரியனே இல்லாத உலகம். அங்கே பனி உருண்டைகளை அடுக்கி நடுவில் மெழுகுதிரி ஏற்றிய விளக்கின் அருகே தூத்திக்கி என்பவளைச் சந்திக்கின்றான். நம் வீட்டு வாசல்களிலே பிள்ளைகள் செய்யும் அதே பனிவிளக்குத்தான்.

சூரியன் திரும்பும் காலம் நெருங்கியதும் பெருந்தீ மூட்டப்படுகின்றது. கோடையில் எவர் கண்ணிலும் படாத கூச்சமுள்ள சிற்றுயிர்கள் காட்டிலிருந்து வந்து தீயைச் சுற்றி ஆடுகின்றன. அவ்வேளை மோரன் வருகின்றாள். நோர்வேஜிய மொழியில் 'ஹூப்சா' எனப்படுபவள் இவளே. இவள் அமர்ந்த நிலம் உறைந்துவிடும். இவளைக் கண்டால் எல்லோரும் ஓடுவர். மோரன் நேரே சென்று தீயின் மேல் அமர்கின்றாள். தீ அணைகின்றது.

தீ அணைந்த பின்னும் சூரியன் வருகின்றான்! அதுவும் மெல்லிய ஒளிக்கீற்றாக ஒரு கணம் தோன்றி மறைகின்றான். இவ்வளவுதானா என்று சிறுவன் ஏமாற்றமடைகின்றான். சூரியனை வரவழைப்பது தீயன்று என்பது இதனால் தெளிவாகின்றது. எனில் எதற்காகத் தீ? தனித்தனியே இருளில் ஒளிந்திருந்தோரை ஓரிரவேனும் ஓரிடத்திற் கூட்டியது அதுவே என்பது என் கருத்து.

வடநோர்வேயின் மீன் தொழிற்சாலைகளிற் பணிபுரிந்த எம்மவர் இதனை நன்கு உணர்வர். திரொம்சோ நகரிலே ஏறத்தாழ நவம்பர் 27 முதல் சனவரி 15 வரை சூரியன் உதிப்பதில்லை. மலைகள் மறைப்பதனால் நகரத்தார் சனவரி 21ஆம் நாளையே சூரிய நாளாகக் கொண்டாடி, இனிப்புப் பணியாரம் உண்கின்றனர். எமது தைப்பொங்கலோ சனவரி நடுப்பகுதியில் வருவது. வானில் இல்லாத சூரியனுக்குப் பொங்கல் படைக்கும் நிலை அங்குள்ள தமிழர்க்கு உண்டு. அவர்களும் பொங்குகின்றனர், அயலவரை அழைக்கின்றனர்.

வாசித்து முடித்ததும் மகள் கேட்டாள்: "அப்பா, மோரன் கெட்டவளா?" உடனே விடை கூற இயலவில்லை. மோரன் தீயை அழிக்க வரவில்லை. குளிர் காய வந்தாள். அருகே அமர அவளை ஒருவரும் அழைத்ததில்லை.

இதற்கு விடை 1965இல் வெளிவந்த பிறிதொரு நூலில் இருக்கின்றது. தீவொன்றின் கடற்கரையிலே மூமின் சிறுவன் இரவுதோறும் அரிக்கேன் விளக்கைக் கொண்டு செல்கின்றான். மோரன் அவ்வொளியைப் பார்த்தபடி இருப்பாள். ஒருநாள் மண்ணெண்ணெய் தீர்ந்து போகின்றது. விளக்கில்லாமலே செல்கின்றான். ஒளிக்காகவே அவள் வந்தாள் என்று நினைத்திருந்தான். அவளோ அவனைக் கண்டு மகிழ்ந்து ஆடுகின்றாள். அவள் சென்றபின் குனிந்து மணலைத் தொட்டுப் பார்க்கின்றான். மணல் உறைந்திருக்கவில்லை.