சிற்றிலும் படப்பெட்டியும்

சம்பூர்க் கடற்கரையிலே மூன்று சிறுமியர் மணல்வீடு கட்டிக்கொண்டிருந்தனர். சிரட்டையிலே சோறு ஆக்கினர், பூவரசிலையிலே பரிமாறினர். தாய்மாரின் இசைவு பெற்று, படப்பெட்டியுடன் சற்றுத் தள்ளி நான் அமர்ந்திருந்தேன். பிள்ளைகளின் விளையாட்டையும் கதையையும் பற்றி ஒரு விவரணப்படம் எடுக்கவேண்டுமென்பது என் நெடுநாள் ஆசை. அதற்குச் சம்பூரைத் தேர்ந்த காரணத்தைச் சொல்ல இன்று கூசுகிறது.

2006 ஆம் ஆண்டு சித்திரையிலே இவ்வூரவர் ஷெல்லுக்கும் விமானக் குண்டுக்கும் அஞ்சி ஓடினர். மட்டக்களப்பிலும், பின்னர் கிளிவெட்டி முதலிய முகாம்களிலும் ஏறக்குறையப் பத்தாண்டு கழிந்தது. அவர்தம் காணிகள் உயர் பாதுகாப்பு வலயமாயின. அனல்மின் நிலையத்துக்கும் கைத்தொழிலுக்கும் குறிக்கப்பட்டன. 2015 இல் 818 ஏக்கர் விடுவிக்கப்பட்டது. கடற்படை முகாமிருந்த 237 ஏக்கர் 2016 பங்குனிக்குள் மீண்டது. ஒரு முதியவர் கிணற்றைக் கண்டே தம் வளவை அறிந்தாராம்.

இச்சிறுமியர் அதன்பின் பிறந்தவர்கள். எனினும் அவர்தம் மணல்வீடு இடியும், அவ்விடத்தே முகாம் எழும் என்று எதிர்பார்த்தேன். எதிர்பார்த்தேன் என்பதிலும், விரும்பினேன் என்பதே உண்மை.

அவர்களோ ஆமைக்கு வீடு கட்டினர். கடலிலிருந்து ஆமை விருந்துக்கு வருகிறதாம்.

“படி வைச்சா ஆமைக்கு ஏறேலாது.”

“படி இல்லாட்டி வீட்டுக்குள்ள தண்ணி வந்திரும்.”

இவ்வழக்கு அரைமணி நேரம் நடந்தது. ஆமைக்குத் தண்ணீர் பகையா என்ற கேள்வியை இளையவள் எழுப்பியபோது மற்ற இருவரும் திகைத்துப் போயினர். எனக்கோ பொறுமை கெட்டது.

“முந்தி இங்க இருந்த வீடுகளைப் பற்றி அம்மா சொன்னவவா?” என்று கேட்டுவிட்டேன்.

மூத்தவள் எழுந்து, கைகட்டி, பாடம் ஒப்புவிப்பதுபோல் இடப்பெயர்வின் கதையைச் சொன்னாள். பிழையின்றிச் சொன்னாள். மற்றவர்கள் சிரட்டைகளைக் கழுவிக்கொண்டு போய்விட்டனர்.

ஆண்பாற் பிள்ளைத்தமிழிலே சிற்றிற் பருவம் என்றொன்றுண்டு. தங்கள் மணல்வீட்டை அழிக்காதேயென்று சிறுமியர் பாட்டுடைத் தலைவனை வேண்டுவதாக வரும். தமிழாசிரியர்க்கு இதை நான் சொல்லவேண்டியதில்லை. அன்று சிற்றிலைச் சிதைத்தவன் நான். வேண்டிக்கொள்ளவும் அவர்களுக்கு இடங்கொடுத்தேனில்லை.

போரின் வடு பிள்ளை விளையாட்டிலே தோன்றாதென்பது என் கருத்தன்று. 1996 இல் மட்டக்களப்பிலே தொடங்கிய வண்ணத்துப்பூச்சிப் பூங்காவில், போரிடை வாழ்ந்த பிள்ளைகளுக்குக் களிமண்ணும் வண்ணமும் கதையும் கொடுத்தனர். ஆனால் எது தோன்றவேண்டுமென்று படப்பெட்டிக்காரன் விதிப்பது வேறு. ஸ்கொத்லாந்தின் எடின்பரோவிலே நோட்டன் பார்க் பள்ளி ஆசிரியர் சிலர் 1951 இல் ‘பாடும் தெரு’ என்றொரு சிறுபடம் எடுத்தனர். தெருவிலே கயிறடித்தும் பந்தடித்தும் பிள்ளைகள் பாடும் பாட்டே அதனை நடத்திச் செல்கிறது. அவர்கள் அப்பிள்ளைகளோடு நாளும் பழகியவர்கள், நானோ வழிப்போக்கன்.

மறுநாள் மாலை வேறோரிடத்தே வீடு எழுந்தது. இம்முறை படி வைத்திருந்தனர். ஒலிவாங்கியைப் பூவரசின் கீழே வைத்துவிட்டுத் தொலைவிலே அமர்ந்தேன். பெரும்பாலும் அலையோசையே பதிவாயிற்று.