தொட்டுப் பார்க்க வேண்டியது பிளக்கை!

சித்திரை பிறந்தால் திருவள்ளூர் மணவாள நகர் வாடகை வீடுகளில் பிரிட்ஜ் பேச்சு கிளம்பிவிடும். "பாடி கொதிக்குதுண்ணே, கேஸ் போயிடுச்சா பாருங்க" என்று மெக்கானிக்குக்கு போன் மேல் போன். வெயில் பட்டியலில் அடிக்கடி முதலிடம் பிடிக்கும் திருத்தணி இருக்கிற மாவட்டம் இது. கேட்பதில் தப்பில்லை. ஆனால் பயம் தவறான இடத்தில் இருக்கிறது.

பழைய பிரிட்ஜ்களின் முதுகில் கறுப்புக் கம்பி வலை இருக்கும். அதில் ஈரத்துணி காயப்போட்ட வீடுகள் உண்டு. உள்ளே இருக்கும் சூட்டை வெளியே கொட்டும் குழாய் அதுதான். இப்போது பல மாடல்களில் அதே குழாயைப் பக்கவாட்டுத் தகடுகளுக்குள் மறைத்துவிட்டார்கள். பால், தயிர், காய்கறியிலிருந்து எடுத்த வெப்பமும், கம்ப்ரசர் உழைத்த வெப்பமும் சேர்ந்து அந்தத் தகடு வழியாகத்தான் வெளியேற வேண்டும். அறையில் 38 டிகிரி என்றால் தகடு 50 டிகிரி பக்கம் போகும். கை வைத்தால் சுருக்கென்றிருக்கும். ஃப்ரீசர் கதவைச் சுற்றிய சட்டமும் சில மாடல்களில் வெதுவெதுப்பாக இருக்கும். உள்ளே மைனஸ் 18 டிகிரி. அந்த விளிம்பில் வியர்த்துத் தண்ணீர் சொட்டாமலிருக்க வேண்டுமென்றே ஒரு சூடான குழாயை அங்கே ஓட்டியிருப்பார்கள். ஐஸ்கிரீம் கடை டீப் ஃப்ரீசரின் பக்கங்கள் சுடுவதும் இதே கணக்குதான்.

சொல்லப்போனால், பக்கம் ஜில்லென்று இருந்தால்தான் யோசிக்க வேண்டும். கம்ப்ரசர் ஓடுகிறது, தகடு சுடவில்லை, உள்ளே ஐஸ் உருகுகிறது என்றால் கேஸ் கசிந்திருக்கலாம். சில நிமிடத்துக்கொரு முறை 'டக்' என்று சத்தம் கேட்டு கம்ப்ரசர் கிளம்பாமல் நின்றால் ரிலேயோ லோ வோல்டேஜோ காரணமாக இருக்கும். இரண்டுக்கும் மெக்கானிக் வரட்டும். பை மாட்டுவதற்காகப் பக்கத்தில் ஸ்குரூ மட்டும் அடித்துவிடாதீர்கள். குழாய் உள்ளேதான் ஓடுகிறது. இப்போதைய பல பிரிட்ஜ்களில் இருப்பது ஐசோபியூட்டேன். சமையல் கேஸுக்குச் சொந்தக்காரன், பற்றிக்கொள்ளும்.

பக்கச் சூடு வெளியேறாமல் தேங்கினால் கம்ப்ரசரின் ஆயுள் குறையும், சுவரிலிருந்து நன்றாகத் தள்ளி வையுங்கள் என்று சொல்லும் மெக்கானிக்குகள் உண்டு. அதுவும் சரிதான், தள்ளி வையுங்கள்.

என் கவலை அந்தச் சுவரில் இருக்கும் பிளக் பாயிண்டைப் பற்றியது. இங்கே மணவாள நகரில், காக்களூர் தொழிற்பேட்டைக்கும் ஸ்ரீபெரும்புதூர் பக்கத்துக் கம்பெனிகளுக்கும் ஷிப்ட் போகிறவர்கள் குடியிருக்கும் போர்ஷன்களில், ஒரு ஹாலுக்கு ஒன்றிரண்டு பாயிண்ட்தான் இருக்கும். பிரிட்ஜ், மிக்ஸி, இண்டக்‌ஷன் அடுப்பு எல்லாம் ஒரே எக்ஸ்டென்ஷன் பாக்ஸில். 2000 வாட்ஸ் அடுப்பு மட்டுமே 230 வோல்ட்டில் கிட்டத்தட்ட 9 ஆம்பியர் இழுக்கும். பாக்ஸ் தாங்குவதோ 6 ஆம்பியர். பிரிட்ஜ் ஓடும்போது இழுப்பது குறைவு. ஆனால் கம்ப்ரசர் கிளம்பும் அந்த நொடியில் பல மடங்கு இழுக்கும், அப்படி ஒரு நாளைக்குப் பலமுறை கிளம்பும். மற்ற பிளக்குகளைப் பிடுங்குகிறோம், மாட்டுகிறோம். பிரிட்ஜ் பிளக்கை வருஷக்கணக்கில் யாரும் தொடுவதில்லை. உள்ளே பித்தளைப் பிடி தளர்ந்தால் அந்த இடம் சூடேறும். சூடேறினால் இன்னும் தளரும்.

கரண்ட் கூடினால் விழும் எம்.சி.பி. இருக்கிறதே என்று தைரியமாக இருப்பவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள்: லூஸ் காண்டாக்டில் கரண்ட் கூடுவதில்லை, அதனால் அது விழாது. பிளாஸ்டிக் கருகும் நாற்றம்தான் முதல் எச்சரிக்கை. அந்த நேரம் வீட்டில் எல்லோரும் நைட் ஷிப்டில் இருக்கலாம்.

2017 ஜூன் 14-ல் லண்டன் கிரென்ஃபெல் கோபுரத்தில் 72 பேர் உயிரைக் குடித்த தீ, நான்காவது மாடி வீடொன்றின் சமையலறையில், பிரிட்ஜ் இருந்த இடத்தில்தான் தொடங்கியது. கட்டடத்தின் வெளிப்பூச்சுப் பலகைகள் அதை மேலே கொண்டுபோயின. கம்ப்ரசர் பக்கத்தில் சரியாக இறுகாத ஒரு கம்பி இணைப்பு சூடேறியிருக்கலாம் என்று விசாரணையில் நிபுணர் சொன்னார். ஒரே ஒரு கம்பி முனை.

அவ்வளவு தூரம் போக வேண்டாம். 2022 நவம்பரில் நம் ஊரப்பாக்கத்தில், ஓராண்டு பூட்டிக் கிடந்த வீட்டுக்குத் திரும்பி வந்த குடும்பத்தில் மூன்று பேர், பிரிட்ஜ் தீயின் புகையில் மூச்சுத் திணறி இறந்தார்கள். மின்கசிவு என்று செய்தி வந்தது.

பொங்கலுக்கோ கோடை விடுமுறைக்கோ நீண்ட நாள் ஊருக்குப் போகிறவர்கள் பிரிட்ஜைக் காலி செய்து, துடைத்து, பிளக்கைப் பிடுங்கி, கதவைக் கொஞ்சம் திறந்து வைத்துவிட்டுப் போகலாம். திரும்பியதும் பகலில், ஆட்கள் விழித்திருக்கும்போது போடுங்கள். எலி வயரைக் கடித்திருக்கிறதா என்று முதலில் பின்பக்கம் பாருங்கள். ஊருக்குப் போகாதவர்கள் இன்றே பிரிட்ஜ் ஒரு மணி நேரம் ஓடியபின் பிளக்கின் மேல் கை வையுங்கள். லேசான வெதுவெதுப்பு பரவாயில்லை. சுட்டாலோ பிளக்கின் பின்கள் பழுப்பேறியிருந்தாலோ மெயினை அணைத்துவிட்டு எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள். பிரிட்ஜுக்கென்று எர்த்துடன் தனி பாயிண்ட் போட்டுத் தரும்படி வீட்டுக்காரரிடம் கேளுங்கள். அட்வான்ஸ் கொடுக்கும் நாளிலேயே கேட்டுவிட்டால் இன்னும் நல்லது. குடி வந்தபின் கேட்டால் அடுத்த மாசம், அடுத்த மாசம் என்று தள்ளிக்கொண்டே போவார்கள்.